செட்டியார் என்றால் எந்தச் செட்டியார்?

அறுவை சிகிச்சைக்கு முந்தைய நாள் மயக்க மருந்து டாக்டர் வந்து கேட்கிற கேள்விகள் பலருக்கும் தெரிந்தவைதான். சுகர் இருக்கா, பிரஷர் இருக்கா, ஆடுகிற பல் உண்டா, முன்னாடி ஆபரேஷன் ஆகியிருக்கா. தென்னிந்தியாவில் இதோடு இன்னொரு கேள்வியும் சேர்வதுண்டு: "நீங்க எந்த வகையறா?" வேறு எங்கே யார் கேட்டாலும் முகம் சுளிக்க வைக்கும் கேள்வி. அறுவை அரங்கின் வாசலில் மட்டும் அதற்கு ஒரு மருந்தியல் காரணம் இருக்கிறது.

சக்ஸினைல்கோலின் என்றொரு ஊசி. மருத்துவமனைப் பேச்சில் ஸ்கோலின். தொண்டைக்குள் குழாய் செருகுவதற்காகத் தசைகளைச் சட்டென்று தளர்த்தும் மருந்து. கிலோவுக்கு 1 முதல் 1.5 மில்லிகிராம் என்பது வழக்கமான அளவு. 60 கிலோ ஆளுக்கு 60 முதல் 90. ஒரு நிமிடத்துக்குள் வேலை செய்யும், 5 முதல் 10 நிமிடத்தில் தானாகவே அடங்கிவிடும். அடங்கக் காரணம், ரத்தத்தில் இருக்கும் பியூட்டிரில்கோலினெஸ்டரேஸ் என்ற நொதி. ஊசியில் போன மருந்தில் பெரும்பகுதியை அது வழியிலேயே தின்றுவிடும். தசை வரை போய்ச் சேர்வது கொஞ்சம்தான்.

இந்த நொதி பிறவியிலேயே வேலை செய்யாத ஆட்கள் உண்டு. அவர்களுக்கு அதே 60 மில்லிகிராம் மணிக்கணக்கில் இறங்காது. நெஞ்சுத் தசையும் உதரவிதானமும் அசையாது, தானாக மூச்சு வராது. இதை மாற்றும் முறிமருந்து கிடையாது. மற்ற தசைத் தளர்த்திகளுக்குக் கொடுக்கும் நியோஸ்டிக்மினை இங்கே கொடுத்தால், இருக்கிற கொஞ்சநஞ்ச நொதியையும் அது முடக்கும். வென்டிலேட்டரில் வைத்து, நரம்புத் தூண்டியால் தசையைச் சோதித்துக்கொண்டே காத்திருப்பதுதான் வழி. காத்திருக்கும்போது நடக்கிற பெரிய தவறு ஒன்றுண்டு. அறுவை முடிந்தது என்று மயக்க வாயுவை நிறுத்திவிடுவார்கள். நோயாளிக்கு நினைவு திரும்பிவிடும், கண் இமையைக்கூட அசைக்க முடியாது, சுற்றி நடப்பது எல்லாம் காதில் விழும். தசை திரும்பும் வரை தூக்கத்தை நிறுத்தக் கூடாது என்பது அதனால்தான்.

இந்தக் குறைபாடு உலகெங்கும் அபூர்வம். ஆரிய வைசியர் சமூகத்தில் மற்றவர்களைவிட ஏறக்குறைய 100 மடங்கு அதிகம். கோயம்புத்தூர் பாரதியார் பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்களும் வெளிநாட்டுக் கூட்டாளிகளும் சேர்ந்து 2006இல் இதன் வேரைக் கண்டுபிடித்து எழுதினார்கள்: நொதியின் 307ஆம் இடத்தில் லியூசினுக்குப் பதில் புரோலின் வந்து உட்கார்ந்திருக்கிறது. ஒரே ஓர் எழுத்துப் பிழை. அப்பா, அம்மா இருவரிடமிருந்தும் பிழையான பிரதி வந்தால்தான் சிக்கல்.

இதுவரை கேட்டால், சாதியைக் கேட்பது நியாயம்தான் என்று தோன்றும். இனி நடைமுறைக்கு வருவோம்.

நோயாளி "செட்டியார்" என்கிறார். தமிழ்நாட்டில் செட்டியார் என்பது ஒரு பட்டம். நாட்டுக்கோட்டை நகரத்தார், தேவாங்கர், வாணியர், இருபத்துநான்கு மனையார், கொங்குச் செட்டியார், ஆரிய வைசியர் எல்லோரும் அந்தப் பட்டத்தைப் போட்டுக்கொள்பவர்கள்தான். ஒருவருக்கொருவர் பெண் கொடுத்து எடுத்தவர்கள் அல்ல. காரைக்குடிக்காரரிடம் இல்லாத பிழைக்காக அவருக்கு ஸ்கோலின் மறுக்கப்படலாம். மறுபக்கம், ஆரிய வைசியர் ஒருவர் பெயருக்கு முன்னால் இனிஷியலோடு மட்டும் வந்திருப்பார். பெயருக்குப் பின்னால் சாதியை எழுதும் வழக்கத்தை இந்த மாநிலம் எப்போதோ விட்டுவிட்டது. அவருக்கு ஊசி போய்விடும். இன்னொன்று, இந்த நொதி குறைய மரபணுதான் வேண்டும் என்றில்லை. கல்லீரல் நோய், கர்ப்பம், பூச்சிமருந்து விஷம் இவற்றிலும் குறையும். சாதியைக் கேட்டுத் திருப்தியடைந்த டாக்டர், நேற்று வயலில் மருந்தடித்துவிட்டு வந்தவரிடம் அதைக் கேட்க மறந்தால் என்ன ஆகும்?

கேள்வியை மாற்றிக் கேட்டால் பாதிச் சிக்கல் தீரும்: "உங்க வீட்டில் யாராவது ஆபரேஷன் முடிஞ்சும் ரொம்ப நேரம் மூச்சு வராமல் மெஷினில் இருந்திருக்காங்களா?" சந்தேகம் இருந்தால் ரத்தத்தில் நொதியின் அளவைப் பார்த்துவிடலாம். (டைபுகெய்ன் எண் என்ற பழைய சோதனை வேறொரு வகைத் திரிபுக்கானது, நொதியே வேலை செய்யாதவரிடம் அது ஒன்றும் சொல்லாது. செயல்பாட்டு அளவைத்தான் கேட்டு வாங்க வேண்டும்.) அதற்கு நேரமில்லையா, ரோகுரோனியம் என்ற வேறொரு தசைத் தளர்த்தி இருக்கிறது. கிலோவுக்கு 1.2 மில்லிகிராம் கொடுத்தால் ஏறக்குறைய அதே வேகம். அவசரத்தில் திருப்ப வேண்டுமென்றால் அதன் முறிமருந்தான சுகமாடெக்ஸ் கிலோவுக்கு 16 மில்லிகிராம். விலை கூடுதல் என்பது உண்மைதான். மாற்று வழி இல்லாத காலத்தில் சாதிக் கேள்விக்கு இருந்த அவசியம் இப்போது அந்த அளவுக்கு இல்லை என்பதும் உண்மைதான்.

இந்த ஒரு ஊசிக்கு இவ்வளவு இடம் கொடுத்ததற்குக் காரணம் உண்டு. மரபணு ஆராய்ச்சியில் "இனம்" என்ற சொல் செய்கிற வேலையும், அது சறுக்குகிற விதமும் இதற்குள் முழுதாக அடங்கிவிடுகின்றன. உடம்பில் வேலை செய்வது மரபணுத் திரிபு. நாம் கேட்பது ஒரு குழுவின் பெயர். பெயருக்கும் திரிபுக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி, அந்த இடைவெளியில் யார் விழுகிறார்கள் என்பதுதான் கேட்க வேண்டியது.

பெயர் பெரிதாகப் பெரிதாக இடைவெளியும் பெரிதாகும். கார்பமாசெபைன் வலிப்புக்கும் முகநரம்பு வலிக்கும் கொடுக்கும் பழைய, மலிவான மாத்திரை. சிலருக்கு அது ஸ்டீவன்ஸ் ஜான்சன் நோயைக் கிளப்பும்: தோல் கொப்பளித்து உரியும், வாயும் கண்ணும் புண்ணாகும், உயிரும் போகலாம். தைவான் ஆய்வாளர்கள் 2004இல் இதை எச்எல்ஏ-பி 15:02 என்ற திரிபோடு பொருத்திக் காட்டினார்கள். 2007 டிசம்பரில் அமெரிக்காவின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ, ஆசிய வம்சாவளியினருக்கு மாத்திரை தொடங்குமுன் மரபணுச் சோதனை செய்யச் சொன்னது. நல்ல முடிவு. ஆனால் அந்த மருந்துக் குறிப்பிலேயே இருக்கும் எண்களைப் பாருங்கள்: தாய்லாந்து, மலேசியா, பிலிப்பைன்ஸின் சில பகுதிகள் ஆகியவற்றில் 15 சதவீதத்துக்கும் மேல், தைவானில் சுமார் 10, வட சீனாவில் 4, இந்தியர் உள்ளிட்ட தெற்காசியரில் 2 முதல் 4, ஜப்பானிலும் கொரியாவிலும் 1க்கும் கீழ். இத்தனையும் "ஆசியர்" என்ற ஒரே பெட்டிக்குள். ஜப்பானியர் ஒருவர் இந்தச் சோதனைக்குக் காத்திருப்பதில் பெரிய பலன் இல்லை. தாயின் வழியில் பிலிப்பைன்ஸ் ரத்தம் உள்ள, பார்வைக்கு வெள்ளையராகத் தெரியும் அமெரிக்கருக்கோ சோதனை அவசியம். அவரிடம் யாரும் கேட்க மாட்டார்கள். சிங்கப்பூர் 2013இலிருந்து ஆசிய வம்சாவளி நோயாளிகளுக்குப் புதிதாக இந்த மருந்து தொடங்குமுன் சோதனையை வழக்கமாக்கியது. அங்கே சீனர், மலாய்க்காரர், தமிழர் மூவரும் அந்த வட்டத்துக்குள் வருகிறார்கள். பெட்டியை நுணுக்கிப் பிரிப்பதைவிட எல்லோரையும் சோதிப்பது மலிவாக வரும் இடங்களில் இதுதான் சரியான பாதை.

பெயரில் நேரும் பிழைக்கு ஒருவர் காலத்தையே விலையாகக் கொடுத்த கதை சிறுநீரகத்தில் நடந்தது. இதைக் கொஞ்சம் கணக்குப் போட்டே பார்க்க வேண்டும்.

சிறுநீரகம் எவ்வளவு வடிகட்டுகிறது என்பதை நேரடியாக அளப்பது சிரமம். அதனால் ரத்தத்தில் கிரியாட்டினின் அளவைப் பார்த்து, வயதையும் பாலினத்தையும் சேர்த்து ஒரு சூத்திரத்தில் போட்டு மதிப்பிடுவார்கள். லேப் ரிப்போர்ட்டில் இஜிஎஃப்ஆர் என்று வருவது அதுதான். அமெரிக்கச் சூத்திரங்களில் நான்காவதாக ஒரு கட்டம் இருந்தது: நோயாளி கறுப்பினத்தவரா? ஆம் என்றால் விடையை 1.212ஆல் பெருக்கு என்றது எம்டிஆர்டி சூத்திரம், 1.159ஆல் பெருக்கு என்றது 2009இல் வந்த சிகேடி-எபி. ஆய்வில் கலந்துகொண்ட கறுப்பினத்தவரிடம் ஒரே வடிகட்டும் திறனுக்குக் கிரியாட்டினின் சற்றுக் கூடுதலாக இருந்தது. தசை அதிகம் என்று அதற்கு விளக்கமும் சொன்னார்கள். மரபணு எதையும் யாரும் பார்க்கவில்லை. பார்த்தது, படிவத்தில் எந்தக் கட்டத்தில் டிக் இருக்கிறது என்பதை மட்டும்.

இப்போது கணக்கு. ஒரே வயது, ஒரே பாலினம், ஒரே கிரியாட்டினின் உள்ள இருவர். வெள்ளையருக்கு விடை 19. கறுப்பினத்தவருக்கு 19 பெருக்கல் 1.159, அதாவது 22. அமெரிக்காவில் சிறுநீரக மாற்றுக்கான காத்திருப்புக் காலம் ஓடத் தொடங்க 20 அல்லது அதற்குக் கீழே இருக்க வேண்டும். முதலாமவருக்கு இன்றே கடிகாரம் ஓடும். இரண்டாமவர் சிறுநீரகம் இன்னும் கெடும் வரை வெளியே நிற்க வேண்டும். அப்பா கறுப்பர், அம்மா வெள்ளையர் என்றால் 19ஆ, 22ஆ? சூத்திரத்தில் அதற்குப் பதிலே கிடையாது.

2021 செப்டம்பரில் அமெரிக்கச் சிறுநீரக அமைப்புகளின் கூட்டுக்குழு இனக் கட்டம் இல்லாத புதிய சூத்திரத்தைப் பரிந்துரைத்தது. 2023 ஜனவரியிலிருந்து, பழைய சூத்திரத்தால் தாமதமான கறுப்பின நோயாளிகளின் காத்திருப்புக் காலத்தைப் பின்னோக்கித் திருத்தத் தொடங்கினார்கள். 2024 மார்ச் நடுப்பகுதிக்குள் 14,000க்கும் மேற்பட்டோருக்குத் திருத்தப்பட்டது. சராசரியாக இரண்டு ஆண்டு. சிறுநீரக நோயாளிக்கு டயாலிசிஸில் இரண்டு ஆண்டு என்றால் என்ன என்பதை வீட்டில் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

கட்டத்தை எடுத்ததும் எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுதினால் அது பொய். எண் குறைந்ததால் சில கறுப்பின நோயாளிகளுக்கு மெட்ஃபார்மின் போன்ற மருந்துகளின் அளவு குறைக்கப்படும். சிறுநீரகம் தானம் செய்ய முன்வருபவர் தகுதி இழக்கலாம். கிரியாட்டினினோடு சிஸ்டாட்டின் சி என்ற இன்னொரு புரதத்தையும் அளந்தால் மதிப்பீடு துல்லியமாகும். அது கூடுதல் செலவு. நம் ஊருக்கும் இதில் ஒரு சின்னப் பாடம் உண்டு. புதிய சூத்திரம் கறுப்பினத்தவர் அல்லாதோருக்குப் பழையதைவிடச் சில புள்ளி கூட்டிக் காட்டும். போன மாதம் ஒரு லேபில் 56, இந்த மாதம் வேறொரு லேபில் 60 என்றால் சிறுநீரகம் தேறிவிட்டது என்று மகிழுமுன் இரண்டு லேபும் எந்த ஆண்டுச் சூத்திரத்தைப் போட்டிருக்கின்றன என்று பாருங்கள். ரிப்போர்ட்டின் அடியில் பொடி எழுத்தில் இருக்கும்.

இதில் உண்மையான மரபணு எங்கே வருகிறது? 2010இல் ஏபிஓஎல்1 என்ற மரபணுவில் இரண்டு திரிபுகளைக் கண்டுபிடித்தார்கள். ஆப்பிரிக்கத் தூக்க நோயை உண்டாக்கும் ஒட்டுண்ணியிலிருந்து அவை காக்கும். இரண்டு பிரதி வந்துவிட்டாலோ சிறுநீரகம் கெடும் வாய்ப்பு கூடும். ஆப்பிரிக்க அமெரிக்கரில் ஏறக்குறைய 13 சதவீதம் பேரிடம் இரண்டு பிரதி உண்டு. மேற்கு ஆப்பிரிக்காவில் மிகுதி. எத்தியோப்பியரிடம் தேடியபோது இல்லை. லாகோஸ்காரரும் அடிஸ் அபாபாக்காரரும் நியூயார்க்கில் ஒரே "கறுப்பர்" கட்டத்தில்தான் டிக் போடுவார்கள். மீதமுள்ள 87 சதவீத ஆப்பிரிக்க அமெரிக்கருக்கும் அந்தக் கட்டம் எதையும் சொல்லவில்லை.

இனத்தை நேரடியாகச் சந்தைக்குக் கொண்டுவந்த மருந்தும் உண்டு. பைடில். 2005 ஜூனில் "தங்களைக் கறுப்பினத்தவர் என்று சொல்லிக்கொள்ளும்" இதய நோயாளிகளுக்கு மட்டும் என்று எஃப்டிஏ அனுமதி தந்தது. உள்ளே இருப்பது ஐசோசார்பைடு டைநைட்ரேட், ஹைட்ரலசின் என்ற இரண்டு பழைய மாத்திரைகள். 1,050 கறுப்பின நோயாளிகளிடம் சோதித்ததில் இறப்பு 10.2 சதவீதத்திலிருந்து 6.2க்கு இறங்கியது. நல்ல பலன்தான். அந்த ஆய்வில் வெள்ளையரைச் சேர்க்காமல் கறுப்பருக்கே உரியது என்று எப்படித் தெரிந்தது? தெரியவில்லை. சாதாரணக் காப்புரிமை 2007இல் முடிகிறது, இனத்தைச் சேர்த்து எழுதிய காப்புரிமை 2020 வரை ஓடும் என்பது மட்டும் நன்றாகத் தெரிந்திருந்தது.

"அப்படியானால் இனம் என்று ஒன்றுமே இல்லையா, டிஎன்ஏவை வைத்துக் கண்டம் கண்டமாகப் பிரித்துக் காட்டுகிறார்களே?" என்று கேட்பவர்களுக்கு ஒரு பழைய ஆய்வை நிதானமாகப் படிக்கச் சொல்வதுதான் நல்லது.

1972இல் ரிச்சர்ட் லெவொண்டின் 17 மரபணுக்களை வைத்துக் கணக்கிட்டார். மனிதர்களுக்கு இடையிலான வேறுபாட்டில் 85 சதவீதம் ஒரே ஊர்க் கூட்டத்துக்குள்ளேயே இருக்கிறது. இனங்களுக்கு இடையில் இருப்பது 6 சதவீதம் சொச்சம். இது சரி. ஆனால் அந்தச் சிறு வேறுபாடுகளைப் பல இடங்களில் சேர்த்துப் பார்த்தால் ஒருவரின் பூர்வீகத்தை ஊகிக்க முடியும் என்று 2003இல் ஏ.டபிள்யூ.எஃப். எட்வர்ட்ஸ் பதில் எழுதினார். அதுவும் சரி. இரண்டும் ஒன்றையொன்று மறுப்பதாகப் பலர் எழுதுகிறார்கள். முதலாவது வேறுபாட்டின் அளவைச் சொல்கிறது, இரண்டாவது அடையாளம் காண முடியுமா என்பதைச் சொல்கிறது. கைரேகையை வைத்தும் ஆளைக் கண்டுபிடிக்கலாம். அதற்காகக் கைரேகை ஆளின் குணத்தைச் சொல்லிவிடாது.

2002இல் நோவா ரோசன்பெர்க் குழு 52 சமூகங்களைச் சேர்ந்த 1,056 பேரின் டிஎன்ஏவில் 377 இடங்களை எடுத்து ஸ்ட்ரக்சர் என்ற நிரலில் போட்டது. நிரல் தானாக "ஐந்து இனம் இருக்கிறது" என்று சொல்வதில்லை. எத்தனை பெட்டி வேண்டும் என்பதை ஆய்வாளர்தான் முன்கூட்டியே கொடுக்க வேண்டும். இரண்டு கொடுத்தால் இரண்டாகப் பிரிக்கும். ஐந்து கொடுத்தால் ஆப்பிரிக்கா, ஐரோப்பாவும் மேற்காசியாவும் தெற்காசியாவும் சேர்ந்த ஒன்று, கிழக்காசியா, ஓசியானியா, அமெரிக்கா. பிரெஞ்சுக்காரரும் சிந்திக்காரரும் ஒரே பெட்டிக்குள் போனார்கள். இதைத்தான் பலர் "விஞ்ஞானம் ஐந்து இனத்தை உறுதிசெய்தது" என்று மேற்கோள் காட்டுவார்கள். ஆறு கொடுத்தபோது வந்த ஆறாவது பெட்டியைப் பற்றிப் பேச மாட்டார்கள். அது பாகிஸ்தானின் சித்ரால் பள்ளத்தாக்கில் வாழும் கலாஷ் மக்கள். சில ஆயிரம் பேர். மனித இனங்கள் ஆறு, அதில் ஒன்று கலாஷ் என்று யாராவது சொல்வார்களா? மலைக்குள் தனித்து, தமக்குள்ளேயே மணந்துகொண்ட சிறிய கூட்டம் என்பதால் அவர்களிடம் சில மாறுபாடுகள் திரண்டு நின்றன. நிரல் கண்டுகொண்டது அந்தத் தனிமையை. இன்னொரு விவரம்: அந்த 52 சமூகங்களில் இந்தியாவிலிருந்து ஒன்றுகூடக் கிடையாது. யாரிடம் மாதிரி எடுத்தீர்கள் என்பது பெட்டிகளை எவ்வளவு தீர்மானிக்கும் என்பதற்கு இது போதும்.

கலாஷ் மக்களுக்கு நடந்ததுதான் ஆரிய வைசியருக்கும் நடந்தது, மலையில்லாமல். ஐதராபாத்தின் உயிரியல் ஆய்வு மையமான சிசிஎம்பி உள்ளிட்ட நிறுவனங்களின் ஆய்வாளர்கள் 2017இல் வெளியிட்ட கட்டுரையில் தெற்காசியாவின் 263 சமூகங்களைப் பார்த்தார்கள். அவற்றில் 81, பின்லாந்துக்காரரையும் ஐரோப்பிய வழிவந்த அஷ்கெனாசி யூதரையும்விடக் கடுமையான குறுகலைக் கடந்து வந்தவை. அதாவது கொஞ்சம் பேரிலிருந்து பெருகி, வெளியே மணக்காமல் இருந்தவை. 14 சமூகங்களின் மக்கள்தொகை பத்து லட்சத்தைத் தாண்டும். நம் ஊரில் குழந்தைக்குப் பிறவிக் குறைபாடு என்றால் உடனே "மாமன் மகளைக் கட்டினியா?" என்றுதான் கேட்பார்கள். சொந்தத்தில் கட்டாமல், தூரத்து ஊரில், ஆனால் சாதிக்குள்ளேயே கட்டினாலும் இந்த 81 சமூகங்களில் ஆபத்து முழுதாக விலகாது. கணவன் மனைவி இருவரும் அந்தப் பழைய சிறு கூட்டத்தின் வழிவந்தவர்கள்தானே. இதை இன வேறுபாடு என்று படிப்பவர்கள் தலைகீழாகப் படிக்கிறார்கள். பூர்வீகத்தில் எல்லோரும் கலந்தவர்கள், சுமார் 4,200 முதல் 1,900 ஆண்டுகளுக்கு முன்பு வரை கலப்பு நடந்தது என்கிறது 2013இல் வந்த இன்னோர் ஆய்வு. கதவு அடைபட்டது அதற்குப் பிறகுதான்.

கதவை அடைத்தவர்களின் வாரிசுகள் "தூய்மை"யைத் தேடி டிஎன்ஏவுக்குப் போவது விநோதம். இதற்கு முன் மூக்குக்குப் போனார்கள். பிரிட்டிஷ் இந்திய அதிகாரி ஹெர்பர்ட் ரிஸ்லி மூக்கின் அகலத்தை உயரத்தால் வகுத்து நூறால் பெருக்கி, அந்த எண்ணைக் கொண்டு சாதிகளின் வரிசையை விளக்கப் பார்த்தார். எழும்பூர் அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன் சென்னை மாகாணம் முழுதும் அளவுக்கருவியோடு அலைந்தார். இன்று கருவி நுண்மையானது. கேள்வி பழையதாகவே இருந்தால் கருவி என்ன செய்யும்?

எச்சில் குப்பியை அனுப்பிப் பூர்வீகம் பார்க்கும் சேவைகளின் சதவீதங்களையும் இந்தக் கண்ணோடுதான் படிக்க வேண்டும். டிஎன்ஏவின் 300 கோடி எழுத்துகளில் அவர்கள் பார்ப்பது சுமார் 6, 7 லட்சம் இடங்கள். அவற்றைத் தங்களிடம் இருக்கும் ஒப்பீட்டுத் தொகுப்போடு, அதாவது இன்று வாழும், தங்கள் பூர்வீகம் இன்னது என்று சொன்ன ஆட்களோடு ஒப்பிடுவார்கள். "38 சதவீதம்" என்றால் அந்தத் தொகுப்பில் இருப்பவர்களோடு அவ்வளவு ஒத்துப்போகிறது என்று பொருள். தொகுப்பை மாற்றினால் அடுத்த வருடம் உங்கள் சதவீதம் மாறும். உங்கள் டிஎன்ஏ அப்படியேதான் இருக்கும். தெற்காசியர் தொகுப்பில் ஆள் குறைவு என்றால் ஈழத்தவர், ஆந்திரர், மலையாளி எல்லோரும் ஒரே நிறத்தில் வரைபடத்தில் விழுவார்கள்.

இந்த அடிப்படை தெரியாமல் ஓர் அரசே விழுந்த சம்பவமும் உண்டு. 2009இல் பிரிட்டனின் எல்லை முகமை, சோமாலியர் என்று சொல்லி அடைக்கலம் கேட்பவர்கள் உண்மையிலேயே சோமாலியரா என்று பார்க்க எச்சில், முடி, நகம் எடுத்துச் சோதிக்கும் திட்டத்தைத் தொடங்கியது. சோமாலிய இனக்குழுக்கள் கென்யாவிலும் எத்தியோப்பியாவிலும் வாழ்கின்றன. எல்லைக்கோடு வரைந்தவர்கள் மரபணுவைக் கேட்டு வரையவில்லை. டிஎன்ஏ கைரேகையைக் கண்டுபிடித்த அலெக் ஜெஃப்ரீஸே கண்டித்தார். 2011இல் கைவிட்டார்கள். ஈழ அகதிகளுக்கான மண்டபம் முகாம் வரிசையில் நின்றவர்களுக்குத் தெரியும், "நீ எந்த ஊர்க்காரன்?" என்ற கேள்விக்கான விடையில் எவ்வளவு தொங்குகிறது என்பது.

நோய் வாய்ப்பை மதிப்பெண்ணாகத் தரும் சோதனைகளில் சிக்கல் வேறு வகை. இதயநோய், நீரிழிவு போன்றவற்றுக்கு ஆயிரக்கணக்கான திரிபுகளின் சிறு பங்களிப்பைக் கூட்டி மதிப்பெண் போடுவார்கள். அந்தப் பங்களிப்பை அளந்த ஆய்வுகளில் கலந்துகொண்டோரில் சுமார் 79 சதவீதம் ஐரோப்பிய வம்சாவளி என்று 2019இல் கணக்கெடுத்தார்கள். ஐரோப்பியரிடம் அளந்து செய்த மதிப்பெண் தெற்காசியரிடம் சராசரியாக 37 சதவீதம் துல்லியம் இழந்தது, ஆப்பிரிக்கரிடம் 78. உயிரியல் வேறாக இருப்பதால் அல்ல. அளந்த இடங்கள் பெரும்பாலும் உண்மைத் திரிபின் பக்கத்து வீடுகள். எந்த வீட்டுக்கு எது பக்கம் என்பது கூட்டத்துக்குக் கூட்டம் மாறும். ஆகவே இரண்டு இனங்களின் சராசரி மதிப்பெண்ணை ஒப்பிட்டு "இவர்கள் இயல்பிலேயே அறிவு குறைந்தவர்கள்" என்று வரும் வரைபடம் எதுவாயினும் கணக்கே தவறு. 2022 மே மாதம் அமெரிக்காவின் பஃபலோவில் கறுப்பினத்தவர் பத்துப் பேரைச் சுட்டுக்கொன்றவன் எழுதி வைத்திருந்ததில் இத்தகைய வரைபடங்கள் இருந்தன. அதன்பின் ஆய்வாளர்களிடையே படம் வரையும் முறை பற்றியே சண்டை. 2024இல் ஆல் ஆஃப் அஸ் என்ற அமெரிக்க அரசின் மரபணுத் தரவுத் திட்டத்தின் கட்டுரையில் வந்த ஒரு படம், கலந்து கிடக்கும் மக்களைத் தனித்தனித் தீவுகளாகக் காட்டியது. யூமேப் என்ற அந்த முறை பக்கத்துப் புள்ளிகளைக் காப்பாற்றும், தூரத்தைச் சிதைக்கும். தீவுகளுக்கு நடுவே தெரியும் கடல், படம் வரைந்த முறையால் வந்தது.

இனி, மாதிரி கொடுக்கும் மக்கள் பக்கம். அமெரிக்காவின் கிராண்ட் கேன்யன் பள்ளத்தாக்கின் ஹவாசுபாய் பழங்குடியினரிடம் 1990இலிருந்து அரிசோனா மாநிலப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ரத்தம் எடுத்தார்கள். நீரிழிவு ஆய்வு என்றுதான் மக்கள் புரிந்துகொண்டார்கள். அதே ரத்தம் மனச்சிதைவு, உள்மணம், பூர்வீக இடப்பெயர்வு ஆய்வுகளுக்கும் போனது. இந்தப் பள்ளத்தாக்கிலேயே தோன்றியவர்கள் நாங்கள் என்பது அவர்கள் நம்பிக்கை. ஆசியாவிலிருந்து வந்தவர்கள் என்று அவர்கள் ரத்தத்தை வைத்தே கட்டுரை. 2010இல் 41 பேருக்கு 7 லட்சம் டாலர் இழப்பீடும், மிச்சமிருந்த ரத்தமும் திரும்பின. ஒப்புதல் படிவத்தில் கையெழுத்திடுமுன் பார்க்க வேண்டியவை இதிலிருந்தே வருகின்றன: இந்த ஆய்வு முடிந்தபின் மாதிரி யாரிடம் இருக்கும், வேறு கேள்விக்குப் பயன்படுத்த மறுபடி கேட்பார்களா, கட்டுரையில் சமூகத்தின் பெயர் வருமா, நாளை வேண்டாமென்றால் அழிப்பார்களா. மூன்றாவதை யாரும் கேட்பதில்லை. தனி ஆளின் பெயரை மறைத்துவிட்டு "இன்ன சாதியில் இந்தக் குறை" என்று அச்சிட்டால், கையெழுத்தே போடாத அந்தச் சாதிப் பெண்ணின் ஜாதகமும் திரும்பி வரும்.

இது வெறும் பயம் இல்லை. கிரீஸின் ஒர்ஹொமெனொஸ் ஊரில் அரிவாள் செல் நோய்க்கு ஊரையே சோதித்துத் தனித்தனியாக முடிவு சொன்னார்கள். திரிபு தாங்கிகள் நோயாளிகள் அல்லர். இருந்தும் மாப்பிள்ளை, பெண் கிடைக்காமல் ஒதுக்கப்பட்டார்கள், சிலர் மறைத்தார்கள். நீலகிரிப் பழங்குடியினரிடம் இந்தத் திரிபு இருப்பதை 1952இலேயே எழுதிவிட்டார்கள். மலேரியா பரவிய இடங்களில் பெருகிய திரிபு இது. ஆப்பிரிக்கருக்கு உரியது என்பது பாதி உண்மைதான். 2023 ஜூலையில் தொடங்கிய தேசியத் திட்டம் 7 கோடிப் பேரைச் சோதிக்க இலக்கு வைத்து, நிலையைச் சொல்லும் அட்டையைக் கையில் தருகிறது. அட்டை கல்யாணத் தரகரின் பைக்குள் போக எத்தனை நாள் ஆகும்?

மாற்று வழி ஒன்று 1983இலிருந்து நடக்கிறது. நியூயார்க்கில் மரபுவழி (ஆர்த்தடாக்ஸ்) யூதர்களுக்கான டோர் யெஷோரிம் என்ற அமைப்பு. பள்ளிப் பருவத்திலேயே ரத்தம் எடுப்பார்கள். முடிவு சொல்ல மாட்டார்கள். ஓர் எண் மட்டும் தருவார்கள். வரன் பார்க்கும்போது இரு வீட்டாரும் இரண்டு எண்ணையும் சொல்லிக் கேட்டால், பொருந்தும் அல்லது பொருந்தாது என்று மட்டும் பதில். இருவரும் ஒரே திரிபைத் தாங்கினால்தான் பொருந்தாது. யாரிடம் என்ன இருக்கிறது என்பது வெளியே வராது, ஒற்றை ஆள்மேல் முத்திரை விழாது. பத்துப் பொருத்தம் பார்க்கிற ஊரில் பதினோராவதாக இதைச் சேர்ப்பது பெரிய வேலையில்லை. எண்ணைக் காக்கும் கணினி பத்திரமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். அதுவும் லேசில்லை: 2023இல் பூர்வீகம் பார்க்கும் 23அண்ட்மீ நிறுவனத்தின் சுமார் 14,000 கணக்குகளில், வேறு தளங்களில் கசிந்த கடவுச்சொல்லை வைத்து நுழைந்தவர்கள், உறவினரைக் காட்டும் வசதி வழியாக 69 லட்சம் பேரின் விவரத்தை எடுத்தார்கள். விற்பனைக்கு வைத்த பட்டியல்களைப் பிரித்திருந்தது எப்படித் தெரியுமா? அஷ்கெனாசி யூதர் தனியாக, சீனர் தனியாக.

ஸ்கோலின் ஒத்துக்கொள்ளாத ஒருவர் வென்டிலேட்டரிலிருந்து மீண்டு வீட்டுக்குப் போகும்போது கையில் கொடுத்தனுப்ப வேண்டிய சீட்டு இரண்டு வரிதான். "பியூட்டிரில்கோலினெஸ்டரேஸ் குறைபாடு. சக்ஸினைல்கோலின், மிவாகூரியம் கூடாது." (மிவாகூரியமும் ஒரு தசைத் தளர்த்திதான்.) உடன்பிறந்தவர்களுக்கும் இதே குறை இருக்க நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு, அவர்களும் நொதி அளவு பார்க்க வேண்டும் என்று வாயால் சொல்லி அனுப்புங்கள். சாதியை எழுத அந்தச் சீட்டில் இடம் விட வேண்டியதில்லை.